கண்மாய்க்கு ஷட்டர் வைத்தாயிற்று, மடை திறக்க ஆள் எங்கே?

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

சென்ற மாதம் உங்கள் ஞாயிறு இணைப்பில் கண்மாய்கள் (எங்கள் பக்கத்துப் பாசன ஏரிகள்) பற்றிய கட்டுரை வந்தது. முன்னோர்களின் நீர் மேலாண்மை அறிவு, கிராமத்தின் கூட்டு வாழ்க்கை என்று நிறையப் புகழ்ந்திருந்தார்கள். அடுத்த வாரமே ஒரு வாசகர் அதற்குப் பதில் எழுதினார். பழம்பெருமை பேசிக்கொண்டிருந்தால் சோறு வராது, நான்குவழிச் சாலையும் தொழிற்பேட்டையும் வந்தால்தான் கிராமத்துப் பிள்ளைகள் கரையேறும் என்பது அவர் கட்சி. இரண்டையும் படித்தேன். இருவர் சொன்னதிலும் பாதி சரி. ஆனால் கண்மாய் என்றதும் ஒருவருக்குக் கரையும் ஆலமரமும் தெரிகிறது, இன்னொருவருக்கு இடைஞ்சல் தெரிகிறது. மடையைத் திறந்து மூடுகிற ஆள் இருவர் கண்ணிலும் படவில்லை. என் அப்பா அந்த வேலை பார்த்தவர். அதனால்தான் எழுதுகிறேன்.

ராமநாதபுரத்தில் நீர்பாய்ச்சி என்பார்கள், திருநெல்வேலிச் சீமையில் மடைக்குடும்பன். நாங்கள் சிவகங்கை மாவட்டம். மதுரைப் பக்கம் போலவே எங்களுக்கும் நீர்க்கட்டி. உங்கள் கட்டுரையில் ராஜசிங்கமங்கலம் கண்மாயைச் சொல்லி, 'நாரை பறக்காத நாற்பத்தெட்டு மடை' என்ற சொலவடையையும் போட்டிருந்தார்கள். நாரையைப் பற்றி இரண்டு வரி இருந்தது. நாற்பத்தெட்டு மடை என்றால் அத்தனையையும் திறக்க, மூட, ராத்திரியில் காவல் காக்க ஆள் வேண்டுமே, அவர்களைப் பற்றி ஒரு வரிகூட இல்லை.

எங்கள் கண்மாய்க்கு மூன்று மடை. மேட்டு மடை, நடு மடை, பள்ள மடை. ஐப்பசி கார்த்திகையில் நல்ல மழை பெய்து கண்மாய் பெருகிவிட்டால் அப்பாவுக்குத் தலைவலி இல்லை. கேட்டவருக்குக் கேட்டபடி தண்ணீர். மடைக்கல்லில் ஒரு வெட்டு இருக்கும். தண்ணீர் அந்த வெட்டுக்குக் கீழே இறங்கினால் முறை வைத்துவிடுவார். மேட்டு மடைக்குத் தண்ணீர் ஏறுவது நின்றுபோகும் முன்பே அந்தப் பக்கத்து வயல்களை முடித்துவிட வேண்டும். பள்ள மடை வயல்கள் கடைசிவரை தாங்கும். இன்னும் இறங்கினால் பத்து ஏக்கர்காரரானாலும் அரை ஏக்கர்காரரானாலும் ஆளுக்கு ஒரே அளவு நிலத்துக்குத்தான் தண்ணீர். மிச்சத்தைக் காயப் போட வேண்டியதுதான். எந்த வயலின் வாமடையையும் (வயலுக்குள் தண்ணீர் நுழையும் வாய்) வயலுக்குச் சொந்தக்காரர் வெட்டக்கூடாது, நீர்க்கட்டியின் மண்வெட்டிதான் வெட்ட வேண்டும் என்பது ஊர்க் கட்டுப்பாடு.

இவ்வளவு அதிகாரத்தை ஏன் அவரிடம் கொடுத்தார்கள்? அவருக்கு ஆயக்கட்டில், அதாவது கண்மாய்த் தண்ணீர் பாயும் வயல்பரப்பில், ஒரு சென்ட் நிலம்கூடக் கிடையாது. நிலமில்லாதவன் தன் வயலுக்குத் தண்ணீர் திருப்பிக்கொள்ள முடியாது அல்லவா? நிலம் இல்லாததே எங்கள் தகுதியாக இருந்தது. தண்ணீர் விஷயத்தில் பெரிய பண்ணைக்காரரும் அப்பா சொல்லுக்குக் கட்டுப்படுவார். அதே பண்ணைக்காரர் வரும்போது அப்பா தோள்துண்டை எடுத்து இடுப்பில் கட்டிக்கொள்வார். டீக்கடையில் எங்களுக்குத் தனி கிளாஸ். அய்யனாருக்குப் பொங்கல் வைத்துக் கிடா வெட்டித்தான் மடை திறப்பார்கள். மடையில் இறங்கித் திறக்கிறவர் மட்டும் கோயில் படிக்கு இந்தப் பக்கம் நிற்பார்.

கூலி? அறுப்பு முடிந்து களத்தில் நெல் அளக்கும்போது ஏக்கருக்கு இத்தனை மரக்கால் என்று ஒரு கணக்கு. விளைந்தால் கிடைக்கும். விளையவில்லை என்றால், அந்த வருஷம் முழுக்க அவர் ராத்திரி கண் விழித்ததற்கு ஒன்றும் கிடையாது. பெருமழைக் காலத்தில் அரிக்கேன் விளக்கை எடுத்துக்கொண்டு கரை முழுக்க நடப்பார். நண்டு வளையில் நீர் கசிகிறதா, எலி வளை கரையை எங்கேயாவது துளைத்திருக்கிறதா என்று காலால் மிதித்துப் பார்த்துக்கொண்டே போவார். கசிவு பெரிதானால் வைக்கோலும் மண்மூட்டையும் போட்டு அடைக்க வேண்டும். ஊர் தூங்கும்.

கட்டுரையில், ஊராரே கூடிக் கண்மாயைச் செப்பனிடும் குடிமராமத்து என்ற பெயரைப் பெருமையாகச் சொன்னார்கள். வெள்ளைக்காரன் 1858இல் சென்னை மாகாணத்தில் இதற்கென்று ஒரு சட்டமே போட்டான். கட்டாய உழைப்புச் சட்டம் என்பதுதான் அதற்குப் பெயர். ஊரே சேர்ந்து கரை போட்டது என்று கதை சொல்வது எளிது. கூடை சுமந்தது யார், வரப்பில் நின்று கணக்கு எழுதியது யார் என்று எங்கள் தெருவில் வந்து கேளுங்கள். ஆகையால் அந்தக் காலம் திரும்பி வர வேண்டும் என்று நான் கேட்கவில்லை. கேட்கவும் மாட்டேன்.

நவீனம் எங்கள் வீட்டுக்கு மின்சாரக் கம்பி வழியாக வந்தது. நான் மின்வாரியத்தில் ஹெல்பராகச் சேர்ந்து வயர்மேனாக ஓய்வு பெற்றேன். மாதச் சம்பளம் என்ற ஒன்றை எங்கள் வம்சத்தில் முதலில் வாங்கியவன் நான்தான். களத்தில் துண்டை விரித்துக்கொண்டு காத்து நிற்கும் வேலை என்னோடு முடிந்தது. அதில் எனக்கு ஒரு வருத்தமும் இல்லை. 1990 வாக்கில் எல்லா விவசாயிகளுக்கும் இலவச மின்சாரம் வந்தது. எங்கள் ஆயக்கட்டிலேயே கிணற்று மோட்டாருக்கு நான் இணைப்புக் கொடுத்திருக்கிறேன். கிணறு உள்ளவர்கள் அதற்கப்புறம் கண்மாயை எட்டிப் பார்க்கவில்லை. முறை வைத்தால் என்ன, வைக்காவிட்டால் என்ன, அவர்களுக்கு ஸ்விட்ச் இருந்தது. கிணறு இல்லாத சின்ன விவசாயிகள் மட்டும் கண்மாயை நம்பி நின்றார்கள். நீர்க்கட்டிக்கு நெல் அளக்கவும் அவர்கள் மட்டும்தான் மிச்சம். அவர்கள் அளக்கும் நெல்லில் ஒரு குடும்பம் எத்தனை நாள் சாப்பிடும்? அப்பாவுக்குப் பிறகு சித்தப்பா பார்த்தார். அவருக்கும் இப்போது எழுபதைத் தாண்டிவிட்டது. அவர் பிள்ளைகள் திருப்பூரில் இருக்கிறார்கள்.

இதற்கு நடுவில் திட்டங்கள் வராமல் இல்லை. 1948இல் ஜமீன் ஒழிப்புச் சட்டம் வந்து, சிவகங்கை ஜமீன் கண்மாய்கள் அரசாங்கத்தின் கைக்குப் போயின. எண்பதுகளில் சமூகக் காடு என்று கண்மாய் உள்வாயில் (தண்ணீர் தேங்கும் பரப்பில்) நாட்டுக் கருவேலங்கன்று நட்டார்கள். நம்மவர்கள் கேட்காமலே சீமைக் கருவேலமும் வந்து உட்கார்ந்துகொண்டது. அதை வெட்டச் சொல்லி 2017இல் மதுரை உயர் நீதிமன்றக் கிளை உத்தரவே போட்டது. அதே 2017இல் குடிமராமத்து மறுபடி வந்தது. முதல் கட்டத்தில் 100 கோடி ரூபாயில் 1,519 பணிகள். பழைய பெயர், புதுப் பொக்லைன். உலக வங்கிக் கடனில் நடந்த வேலைகள் தனி.

எங்கள் கண்மாயில் நடந்ததைச் சொல்கிறேன். எந்தத் திட்டம், எந்த ஒப்பந்ததாரர் என்று எழுதப்போவதில்லை. பெயர் வந்துவிட்டால் சண்டை பெயரைப் பற்றியதாகப் போய்விடும்.

தூர் வார இயந்திரம் வந்தது. லாரி வந்து நிற்கத் தோதாகக் கரைக்குப் பக்கத்திலேயே பள்ளம் போட்டார்கள். இத்தனை கன மீட்டர் மண் எடுத்தால் இத்தனை பணம் என்றுதான் கணக்கு. எந்த இடத்தில் எடுத்தால் யாருக்கு நன்மை என்பதற்கு அந்தத் தாளில் கட்டம் இல்லை. மடையின் அடிக்கல்லுக்குக் கீழே எவ்வளவு ஆழம் தோண்டினாலும் அந்தத் தண்ணீர் வயலுக்கு வராது. மாடு குடிக்கும், கிணறு ஊறும், அதெல்லாம் நல்லதுதான். ஆனால் கண்மாய் நிறைந்து நிற்பது போலத் தெரிந்தும் வாய்க்காலில் தண்ணீர் இல்லை என்று மக்கள் சித்தப்பாவிடம் போய்ச் சண்டை போட்டார்கள். கரையை ஒட்டித் தோண்டினால் கரை உள்பக்கமாகச் சரியும் என்று அவர் முதல் நாளே சொன்னார். ஓட்டுநர் தம்பி பாவம், "எனக்குக் காட்டின இடத்துல எடுக்கிறேன் அய்யா" என்றார். காட்டியவர் அன்றைக்கு வரவில்லை.

மேட்டு மடையையும் பள்ள மடையையும் இடித்துவிட்டு சிமென்ட்டில் கட்டி இரும்பு ஷட்டர் வைத்தார்கள். பழைய மடையில் தண்ணீருக்குள் மூழ்கி, மூச்சடக்கிக் கல்லை நகர்த்த வேண்டும். அப்பாவுக்கு அதில் ஒரு காது போயிற்று. மேலே நின்று கைப்பிடியைத் திருகினால் திறக்கும் ஷட்டர் எங்களுக்கு எவ்வளவு பெரிய விஷயம் என்று கரையில் நின்று படம் எடுப்பவர்களுக்குத் தெரியாது. சித்தப்பா அதைத் தொட்டுத் தொட்டுப் பார்த்தார். ஆனால் திருகு கம்பிக்கு யார் கிரீஸ் போடுவது? அதற்கு ஆளும் இல்லை, பணமும் இல்லை. கைப்பிடியைத் திருடிவிடுவார்கள் என்று கழற்றி ஒருவர் வீட்டில் வைத்துப் பூட்டினார்கள். ஒரு வருஷம் அறுப்பு நேரத்தில் மழை பிடித்துக்கொண்டது. பள்ள மடை ஷட்டர் பாதி திறந்தபடி துருவேறி நிற்கிறது. கைப்பிடி இருந்த வீட்டுக்காரர் மதுரையில் கல்யாணத்துக்குப் போயிருக்கிறார். கடப்பாரையை வைத்து நெம்பினதில் கம்பி வளைந்ததே தவிர ஷட்டர் இறங்கவில்லை. அறுப்புக்கு நின்ற நெல் தண்ணீரில் சாய்ந்து கதிரிலேயே முளைத்துவிட்டது. கல்லை நகர்த்துகிற பழைய மடையாக இருந்திருந்தால் சித்தப்பா அந்த வயதிலும் இறங்கி அடைத்திருப்பார். இதைச் சொன்னால் நவீனம் வேண்டாம் என்கிறான் என்பார்கள். ஷட்டர் வேண்டும் அய்யா. ஷட்டரோடு ஒரு ஆளும் வேண்டும்.

அப்புறம் நான்குவழிச் சாலை.

அந்தச் சாலையையும் நான் எதிர்க்கவில்லை. என் மருமகளுக்குப் பிரசவ வலி எடுத்த ராத்திரியில் 108 வண்டி போன வேகத்துக்கு அந்தச் சாலைதான் காரணம். பட்டா நிலம் போனவர்களுக்கு இழப்பீடும் வந்தது. சிலர் மாடி வீடு கட்டினார்கள், சிலர் பெண்ணைக் கட்டிக்கொடுத்தார்கள். ஆனால் சாலை எங்கள் கண்மாயின் வரத்துக்காலைக் குறுக்கே தாண்டிப் போகிறது. வரத்துக்கால் என்றால் மேலே இருக்கும் கண்மாய் நிறைந்து, அதன் கலுங்கில் (மிஞ்சிய தண்ணீர் வழியும் இடம்) விழும் தண்ணீர் எங்களுக்கு வந்து சேரும் வழி. இந்தப் பக்கத்துக் கண்மாய்கள் எல்லாமே இப்படி ஒன்றோடொன்று கோத்தவை. ஒரு இடத்தில் அடைத்தால் கீழே இருக்கும் ஊர்கள் அத்தனையும் காயும்.

அடைக்கவில்லை, குழாய் போட்டிருக்கிறோம் என்றார்கள். உண்மைதான். பெரிய குழாய்களைத்தான் போட்டார்கள். கோளாறு அதன் மட்டத்தில். வருஷக் கணக்காகத் தூர் வாராத வரத்துக்காலில் முழங்கால் உயரத்துக்கு மண் மேவிக் கிடந்தது. அளக்க வந்தவர்கள் அந்த மேவிய மண்ணையே கால்வாயின் தரை என்று எடுத்துக்கொண்டு, அந்த மட்டத்துக்குக் குழாயை வைத்தார்கள். உண்மையான தரை அதற்குக் கீழே இருக்கிறது என்று அந்த நிலத்தைப் பார்த்துப் பழகியவருக்குத்தான் தெரியும். சித்தப்பா கம்பை எடுத்துக்கொண்டு போய் மண்ணில் குத்திக் காட்டியிருக்கிறார். அங்கே இருந்த இளம் பொறியாளர் மரியாதையான பையன்தான். "பெரியவரே, மெஷின்ல லெவல் எடுத்துத்தான் போடுறோம். நீங்க ஆயக்கட்டுதாரரா?" என்று கேட்டாராம். இல்லை என்றதும் மனு எழுதிக் கொடுக்கச் சொன்னாராம். சித்தப்பாவுக்குக் கையெழுத்துப் போட மட்டும் தெரியும்.

மெஷின் பொய் சொல்லவில்லை. மண்மேட்டின் உயரத்தைச் சரியாகச் சொன்னது. இப்போது நிலைமை என்னவென்றால், 100 நாள் வேலையில் பெண்கள் வரத்துக்காலைத் தூர் வாரி வாரிப் பழைய ஆழத்துக்குக் கொண்டுவந்துவிட்டார்கள்; குழாய் மட்டும் அந்தரத்தில் நிற்கிறது. சின்ன மழையில் வரும் முதல் தண்ணீர் சாலைக்கு அந்தப் பக்கமே நின்று ஊறிப் போகிறது. பெருமழை என்றால் மேல்பக்கத்து வயல்களை மூழ்கடித்துவிட்டு அப்புறம்தான் குழாய்க்குள் ஏறுகிறது. எங்கள் கண்மாய் பாதி நிறைந்தால் பெரிய விஷயம்.

இதை முன்பே தடுத்திருக்க முடியாதா என்று நீங்கள் கேட்கலாம். அங்கேதான் உங்கள் பத்திரிகையும் வருகிறது. தேசிய நெடுஞ்சாலைக்கு நிலம் எடுப்பதென்றால் 1956ஆம் வருஷத்துச் சட்டப்படி உள்ளூரில் வரும் இரண்டு பத்திரிகைகளில் அறிவிப்பு வர வேண்டும், அதில் ஒன்று உள்ளூர் மொழியில் இருக்க வேண்டும். வந்தது. முழுப் பக்கத்துக்கு சர்வே எண்களாக, பொடி எழுத்தில். அன்றைக்கு எங்கள் டீக்கடையில் அந்தப் பக்கத்தில் பஜ்ஜி மடித்துக் கொடுத்தார்கள். ஆட்சேபம் சொல்ல 21 நாள். யார் சொல்லலாம்? அந்த நிலத்தில் உரிமை உள்ளவர்கள் சொல்லலாம். வரத்துக்கால் ஓடைப் புறம்போக்கு. அதற்குப் பட்டாதாரர் கிடையாது. பட்டா உள்ளவர்கள் அவரவர் நிலத்துக்கு எவ்வளவு கிடைக்கும் என்று பார்த்தார்கள். அதைத் தப்பென்று சொல்ல முடியாது. தண்ணீர் போகும் பாதைக்காக ஆட்சேபம் எழுத ஒரு ஆள் இல்லை. எழுத வேண்டிய விஷயம் தெரிந்தவருக்கு எழுதும் உரிமை இல்லை. 2013ஆம் வருஷத்து நிலம் எடுப்புச் சட்டத்தில் சமூகத் தாக்க மதிப்பீடு, ஊர் மக்களிடம் கருத்துக் கேட்பு எல்லாம் இருக்கிறது. தேசிய நெடுஞ்சாலைக்கு எடுக்கும் நிலத்துக்கு அதில் இழப்பீட்டுக் கணக்கு பொருந்தும், அந்தக் கருத்துக் கேட்பு பொருந்தாது.

கண்மாய்ப் பக்கம் வந்தாலும் இதே கதைதான். பாசனத்தை விவசாயிகளே நிர்வகிக்க வேண்டும் என்று 2000இல் தமிழ்நாட்டில் ஒரு சட்டம் வந்தது. நீரினைப் பயன்படுத்துவோர் சங்கம் அமைத்தார்கள், தேர்தல் வைத்தார்கள். நல்ல யோசனை. ஆனால் வாக்கு ஆயக்கட்டில் நிலம் உள்ளவர்களுக்கு. தலைமுறை தலைமுறையாக அந்தத் தண்ணீரைப் பங்கிட்டுக் கொடுத்தவருக்கு நிலம் இல்லை என்பதால் சங்கத்தில் இடம் இல்லை. பழைய ஏற்பாட்டில் கோயில் படிக்கு இந்தப் பக்கம் நின்றவர், புது ஏற்பாட்டில் சங்கக் கட்டிடத்தின் படிக்கு இந்தப் பக்கம் நிற்கிறார். நவீனம் பழைய வழக்கத்தை அழித்துவிட்டது என்று கட்டுரையாளர் எழுதுகிறார். எங்களைப் பொறுத்தவரை அது எதை அழிக்க வேண்டுமோ அதை மட்டும் பத்திரமாக வைத்துக்கொண்டது.

சரி, என்ன செய்யலாம் என்று கேட்பீர்கள். எங்கள் ஊராட்சியில் குடிதண்ணீர் மேல்நிலைத் தொட்டிக்கு ஒரு ஆபரேட்டர் இருக்கிறார். காலையில் மோட்டார் போட்டு, தொட்டி நிறைத்து, தெருத் தெருவாக வால்வு திறந்துவிடுவது அவர் வேலை. சம்பளம் கம்மி என்று அவருக்குக் குறை உண்டு, அது நியாயமான குறை. ஆனாலும் அது ஒரு பதவி, மாதா மாதம் சம்பளம், ஒரு நோட்டு, ஒரு கையெழுத்து. ஆற்றுப் பாசனத்திலும் பெரிய அணைகளிலும் லஸ்கர் என்று அரசாங்க ஆளே உண்டு. ஒரு தொட்டித் தண்ணீரைத் திறந்துவிடச் சம்பளம் கொடுக்கிற அரசாங்கம், ஒரு கண்மாய்த் தண்ணீரைத் திறந்துவிட மட்டும் களத்து நெல்லைக் காட்டுவது என்ன நியாயம்? தமிழ்நாட்டில் ஏரி, கண்மாய் என்று சுமார் 39,000 இருப்பதாகச் சொல்கிறார்கள். ஆயக்கட்டு 40 ஹெக்டேருக்குக் கீழே இருந்தால் ஊராட்சி ஒன்றியத்தின் பொறுப்பு, மேலே இருந்தால் நீர்வளத் துறையின் பொறுப்பு என்று பிரிவினை ஏற்கெனவே இருக்கிறது. யார் சம்பளம் தருவது என்று புதிதாக யோசிக்கவே தேவையில்லை. மழைக்காலத்திலிருந்து அறுப்பு வரைக்குமாவது சம்பளம் கொடுங்கள். கோடையில் வரத்துக்கால், கரை வேலைகளைப் பார்க்கலாம்.

சம்பளத்தோடு ஒரு கையெழுத்தும். கண்மாயிலோ வரத்துக்காலிலோ எந்தத் துறை வேலை செய்தாலும், மதிப்பீடு போடும் முன் நீர்க்கட்டியோடு நடந்து பார்த்ததாகவும், வேலை முடிந்ததும் அவர் முன்னால் தண்ணீர் விட்டுப் பார்த்ததாகவும் அந்த நீர்க்கட்டியே கையெழுத்துப் போட வேண்டும். அது இல்லாமல் பில் பாஸாகக் கூடாது. எங்கள் ஊர்க் குழாயின் மட்டம் அந்த ஒரு நடையில் சரியாகியிருக்கும். சாலைக்காரர்களுக்கு அரை நாள் செலவு.

இந்த வேலை எங்கள் சாதிக்கே வேண்டும் என்று நான் கேட்பதாக யாரும் நினைக்க வேண்டாம். வேண்டவே வேண்டாம். பிறப்பால் வருகிற வேலையாக அது இருந்தது போதும். என் பேரனுக்கு அதை எழுதி வைக்க நான் தயாராக இல்லை. விளம்பரம் கொடுத்து ஆள் எடுக்கட்டும். யார் வேண்டுமானாலும் வரட்டும். பெண்கள் வந்தால் இன்னும் நல்லது. இன்றைக்கு எங்கள் வரத்துக்கால் எங்கே மேடு, எங்கே பள்ளம் என்று 100 நாள் வேலைக்குப் போகும் பெண்களுக்குத்தான் தெரியும். மண்வெட்டி அவர்கள் கையில்தான் இருக்கிறது. தேர்வாகிறவரை ஒரு வருஷம் சித்தப்பா மாதிரி ஒருவரோடு அனுப்புங்கள். கற்றுக்கொடுக்கிறவருக்கும் அந்த வருஷத்துக்குச் சம்பளம் கொடுங்கள். இவ்வளவு நாள் ஓசியில் வாங்கிய அறிவுதானே.

இதை ஊர்க்கூட்டத்தில் சொன்னபோது ஒரு படித்த தம்பி, "மாமா, சென்சார் வச்சு மோட்டார் ஷட்டர் போட்டா போன்லயே திறக்கலாம்" என்றார். போடட்டும், நானே வயரிங் செய்து தருகிறேன். ஆனால் கண்மாயில் எத்தனை அடி தண்ணீர் இருக்கிறது என்றுதான் சென்சார் சொல்லும். நடு மடைக்குக் கீழே ஒரு விதவை அம்மாவின் நாற்றங்கால் இன்றைக்கு நனையாவிட்டால் கருகிவிடும், பக்கத்து வயல்காரர் இரண்டு நாள் தாங்குவார் என்று அது சொல்லாது. அண்ணன் தம்பி இரண்டு பேர் மண்வெட்டியோடு நிற்கும்போது நடுவில் போய் நிற்காது. அதற்கும் கிரீஸ் போட, பேட்டரி மாற்ற ஆள் வேண்டும். அந்த ஆளுக்கும் சம்பளம் கொடுக்க மாட்டார்கள் என்றால் அதுவும் மூன்றாம் வருஷம் துருப்பிடித்து நிற்கும்.

மார்ச் 22, உலகத் தண்ணீர் தினத்தன்று கிராம சபை கூடும். அன்றைக்கு எங்கள் ஊரில் இதைத் தீர்மானமாகக் கொண்டுவரப் போகிறோம். குழாயின் மட்டத்தை இறக்க வேண்டும் என்பது ஒன்று, நீர்க்கட்டிக்குச் சம்பளம் என்பது இன்னொன்று. முதல் தீர்மானத்துக்கு எல்லோரும் கை தூக்குவார்கள். இரண்டாவதற்கு எத்தனை கை வரும் என்று எனக்கு ஓரளவு தெரியும். "இவ்வளவு நாள் சும்மாதானே செஞ்சாங்க" என்று ஒரு குரல் கட்டாயம் வரும். அந்தக் குரலுக்காகத்தான் கடிதத்தின் முதல் பாதியை இவ்வளவு விரிவாக எழுதினேன். எங்கள் பக்கம் மீன்பிடித் திருவிழா என்றால் உங்கள் நிருபர்கள் கேமராவோடு வந்துவிடுகிறார்கள். அந்தப் படங்களை நானும் ரசிக்கிறேன். அந்த ஊர்களில் மடை திறப்பவர் யார், அவருக்கு யார் என்ன தருகிறார்கள் என்று ஒரு கேள்வியையும் சேர்த்துக் கேட்டு எழுதச் சொல்லுங்கள். பத்து ஊரில் கேட்டால் போதும், செய்தி தானாக வரும்.

கடிதம் நீண்டுவிட்டது, தெரியும். இடம் பற்றாது என்றால் டீக்கடை, அய்யனார் கோயில் வரிகளைக்கூட வெட்டிக்கொள்ளுங்கள். சம்பளம் பற்றிய பத்தியையும் கையெழுத்து பற்றிய பத்தியையும் மட்டும் வெட்ட வேண்டாம். ஊர் சின்னது, சித்தப்பா இன்னும் அங்கேதான் இருக்கிறார் என்பதால் பெயரைப் போடாமல் வெளியிடக் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஒரு நீர்க்கட்டியின் மகன்,
சிவகங்கை மாவட்டம்.